நம் அடுப்பிலேயே ஒரு சாக்லேட் பழக் கேக்!

பெருநாள் காலையில் சேமியாவும் வட்டலப்பமும் மட்டுமே இனிப்பாக இருந்த காலம் மாறிவிட்டது. மதுரையில் காஜிமார் தெரு, நெல்பேட்டை, கோரிப்பாளையம், மகபூப்பாளையம் என நம்மவர் மிகுதியாக வாழும் எந்தப் பகுதியை எடுத்துக்கொண்டாலும், விருந்து மேசையில் இன்று கேக்கும் ஓரிடம் பிடித்துக்கொண்டது. பிள்ளைகள் விரும்புகிறார்கள், பெரியவர்களும் மறுப்பதில்லை.

ஆயினும் ஒரு வகைக் கேக்கைக் கண்டால் மட்டும் நம் தாய்மார்கள் தயங்குகிறார்கள். உலர்ந்த பழங்களும் பருப்புகளும் நிறைந்து, கரிய நிறத்தில், கனமாக இருக்கும் பழக் கேக் அது. பழங்களை ரம் அல்லது பிராந்தியில் பல வாரங்கள் ஊறவைத்துச் செய்வதே அதன் பழைய வழக்கம். டிசம்பர் மாதத்தில் பள்ளித் தோழி கொடுத்தனுப்பிய துண்டு ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டு, "உம்மா, இதை நான் சாப்பிடலாமா?" என்று மகள் கேட்கும்போது, அதனுள் என்ன இருக்கிறது என்று அறியாத தாய் என்ன விடை சொல்வாள்? வேண்டாம் என்று மறுத்தால் குழந்தையின் முகம் வாடுகிறது. தெரியாமல் அனுமதித்தால் தாயின் மனம் உறுத்துகிறது.

இதற்குச் சிறந்த வழி, அந்தக் கேக்கின் சுவையை நாமே நம் வீட்டில் ஹலாலான முறையில் உருவாக்கிக் கொடுப்பதுதான். மது அந்தக் கேக்குக்கு இன்றியமையாத பொருள் அன்று என்பதை அறிந்துகொண்டால், இது எளிய வேலையே.

வெப்பத்தில் ஆவியாகிவிடாதா?

"மதுவை ஊற்றினால்தான் என்ன, அடுப்பில் வேகும்போது ஆவியாகிப் போய்விடுமே" என்று வாதிடுவோர் உண்டு. இது சரியன்று. அமெரிக்க வேளாண் துறை வெளியிட்டுள்ள அட்டவணையின்படி, உணவில் கலந்த மதுவில் 15 நிமிடம் வெந்த பின்னும் ஏறத்தாழ 40 விழுக்காடு எஞ்சி நிற்கிறது. ஒரு மணி நேரம் வெந்தால் சுமார் 25 விழுக்காடும், இரண்டரை மணி நேரம் வெந்த பின்னும் சுமார் 5 விழுக்காடும் எஞ்சுகின்றன. வெந்த கேக்கின் மீது மேலும் மேலும் மதுவைத் தெளித்து ஊட்டும் வழக்கமும் உண்டு. அதற்குப் பின் அந்தக் கேக் அடுப்பைக் காண்பதே இல்லை. ஆகவே ஆவியாகிவிடும் என்ற சமாதானத்தை நம்பிப் பிள்ளைகளுக்குக் கொடுக்க இயலாது.

மது ஏன் சேர்க்கப்பட்டது?

ஐரோப்பாவில் பழக் கேக் என்பது பல வாரங்களுக்கு முன்பே செய்து பெட்டியில் பூட்டி வைக்கும் பண்டம். அத்தனை நாளும் பூசணம் பிடிக்காமல் காக்கவும், உலர்ந்த பழங்களை மென்மையாக்கவும், மணத்துக்காகவும் மதுவைச் சேர்த்தார்கள். பழம் மென்மையாவதற்கு வேண்டியது ஈரம் மட்டுமே; அதைப் பழச்சாறும் கொடுக்கும். மணத்துக்கு நம்மிடம் ஏலக்காயும் பட்டையும் ஆரஞ்சுத் தோலும் இருக்கின்றன. நெடுநாள் கெடாமல் காக்கும் ஆற்றல் ஒன்றைத்தான் பழச்சாற்றால் தர இயலாது. சில நாட்களில் உண்டு, பகிர்ந்து முடித்துவிடும் வீட்டுக்கு அது ஒரு குறையாகாது.

நம் தென்னாட்டுக்கு இந்தக் கேக் வந்த வரலாறும் இதையே காட்டுகிறது. பர்மாவில் பிஸ்கட் செய்யக் கற்றுத் தலைச்சேரியில் ராயல் பிஸ்கட் ஃபேக்டரியைத் தொடங்கிய மம்பள்ளி பாப்பு என்பவரிடம், 1883 ஆம் ஆண்டு மர்டாக் பிரவுன் என்ற ஆங்கிலேயத் தோட்ட உரிமையாளர் இங்கிலாந்திலிருந்து வந்த பிளம் கேக் ஒன்றைக் காட்டி, அதைப் போலச் செய்து தருமாறு கேட்டார். மாஹேயிலிருந்து பிரெஞ்சு பிராந்தி வாங்கிச் சேர்க்கும்படியும் சொன்னார். பாப்புவோ பிராந்தியை விட்டுவிட்டு, முந்திரிப் பழத்தையும் கதலி வாழைப்பழத்தையும் கொண்டு வடித்த உள்ளூர்ச் சரக்கைச் சேர்த்தார் என்றும், பிரவுன் அந்தக் கேக்கை மிகவும் மெச்சினார் என்றும் சொல்லப்படுகிறது. பாப்பு சேர்த்ததும் மதுவே என்பதால் அது நமக்கு முன்மாதிரி ஆகாது. ஆனால், இந்தியாவின் முதல் கிறிஸ்துமஸ் கேக் எனப் பேசப்படும் அந்தக் கேக்கிலேயே பிராந்திதான் வேண்டும் என்ற கட்டாயம் இருக்கவில்லை என்பது கவனிக்கத்தக்கது.

பிளம் கேக் என்ற பெயரைக் கேட்டுப் பிளம்ஸ் பழத்தைத் தேடி அலையவும் வேண்டாம். பழைய ஆங்கிலத்தில் உலர்ந்த திராட்சையையே பிளம் என்று வழங்கினார்கள்.

ஊறவைப்பதில் ஓர் எச்சரிக்கை

மதுவை நீக்கிவிட்டோம் என்ற நிம்மதியில் இன்னொரு தவறு நேர்ந்துவிடக் கூடாது. சமையல் புத்தகங்களில் பழங்களை ஒரு மாதம் ஊறவைக்கும்படி எழுதியிருப்பதைப் படித்துவிட்டு, மதுவுக்குப் பதில் திராட்சைச் சாற்றை ஊற்றி அத்தனை நாள் வெளியில் வைத்தால் என்ன ஆகும்? திராட்சையின் தோலிலேயே நுண்ணிய ஈஸ்ட் உயிரிகள் இயற்கையாக இருக்கின்றன. இனிப்பும் ஈரமும் மதுரையின் வெப்பமும் சேர்ந்தால் அவை விரைவாகப் பெருகிச் சர்க்கரையை மதுவாக மாற்றத் தொடங்கிவிடும். எதை விலக்க நினைத்தோமோ அது நம் வீட்டு ஜாடியிலேயே உருவாகிவிடும்.

அண்ணல் நபி (ஸல்) அவர்களுக்காக உலர்ந்த திராட்சை நீரில் ஊறவைக்கப்படும் என்றும், அதனை அன்றும் மறுநாளும் மூன்றாம் நாள் மாலை வரையிலும் அருந்துவார்கள் என்றும், அதன் பிறகு எஞ்சியதைக் கொட்டிவிடச் செய்வார்கள் என்றும் இப்னு அப்பாஸ் (ரலி) அவர்கள் அறிவிக்கும் செய்தி ஸஹீஹ் முஸ்லிமில் பதிவாகியுள்ளது. பேரீச்சையையும் உலர்ந்த திராட்சையையும் ஒன்றாக ஊறவைத்துப் பானம் தயாரிப்பதைத் தடுத்த ஹதீஸும் உண்டு. பழம் ஊறிய நீர் எந்த நேரத்தில் தன்மை மாறும் என்பதில் எத்துணைக் கவனம் காட்டப்பட்டிருக்கிறது என்பதை எண்ணிப் பாருங்கள்.

ஆகவே நாம் மூன்று முறைகளைக் கையாள வேண்டும். சாற்றைக் கொதிக்க வைத்தே பழத்தில் ஊற்ற வேண்டும். கொதியில் ஈஸ்ட் மடிந்துவிடும். ஆறியதும் மூடிக் குளிர்பதனப் பெட்டியில் ஓர் இரவு மட்டும் வைக்க வேண்டும். பேரீச்சையை ஊறவைக்காமல், நறுக்கிக் கடைசியில் சேர்க்க வேண்டும். ஊறினால் அது குழைந்து கரைந்தும் போகும். மறுநாள் திறக்கும்போது நுரையோ, குமிழியோ, புளித்த வாடையோ தென்பட்டால், பொருள் போகிறதே என்று பாராமல் கொட்டிவிடுங்கள்.

நம் வட்டாரத்தில் கிடைப்பவை

மதுரைக்கு மேற்கே கம்பம் பள்ளத்தாக்கில் விளையும் பன்னீர் திராட்சைக்கு 2023 இல் புவிசார் குறியீடு வழங்கப்பட்டது. அந்தக் கரிய திராட்சையைச் சிறிது நீர்விட்டு வேகவைத்துப் பிழிந்தால் கிடைக்கும் செந்நீலச் சாறு, இந்தக் கேக்குக்கு என்றே அமைந்தது போன்றது. பழனி மலைப் பகுதியிலிருந்து கமலா ஆரஞ்சு வருகிறது. ஏலக்காய் வணிகத்துக்குப் பெயர் பெற்ற போடிநாயக்கனூர் அருகிலேயே இருக்கிறது. உலர்ந்த பழங்களையும் பருப்புகளையும் கீழமாசி வீதி மளிகைக் கடைகளில் வாங்கலாம். ரமளானில் வாங்கி மீந்துபோன பேரீச்சை நம் வீடுகளில் எப்போதும் ஒரு டப்பா இருக்கும். உம்ராவிலிருந்து வந்தவர்கள் தந்த அத்திப்பழமும் இருந்தால் நல்லது.

பேக்கரிக் கேக்கில் சிவப்பாகத் தெரியும் 'செர்ரி' பெரும்பாலும் செர்ரியே அன்று. சர்க்கரைப் பாகில் ஊறிச் சாயமேற்றப்பட்ட களாக்காய். டூட்டி ஃப்ரூட்டி என்பது பாகிலிட்ட பப்பாளிக்காய். இவற்றைச் சாயமின்றி வீட்டிலேயே செய்துகொள்ளலாம். இல்லையேல் அறவே விட்டுவிடலாம்.

சாக்லேட் கட்டியைவிடக் கோகோ பவுடரே நம் ஊருக்கு ஏற்றது. கோகோ வெண்ணெய் சுமார் 34 டிகிரியிலேயே உருகிவிடும் என்பதால், மதுரைக் கோடையில் கட்டி சாக்லேட் வீடு வந்து சேர்வதற்குள் குழம்பாகிவிடும். மலிவான காம்பவுண்ட் கட்டிகளிலோ கோகோ வெண்ணெய்க்குப் பதில் வேறு தாவரக் கொழுப்பே இருக்கும். கோகோவிலிருந்து கொழுப்பைப் பிழிந்தெடுத்துத் தூளாக்கும் முறையை 1828 இல் ஹாலந்து நாட்டின் வான் ஹூட்டன் குடும்பத்தார் கண்டறிந்த பிறகே, வீட்டுச் சமையலில் கோகோ எளிதாயிற்று. இனிப்புச் சேர்க்காத தூளாகப் பார்த்து வாங்குங்கள். பாலில் கலக்கிக் குடிக்கும் பானத் தூள் இதற்கு உதவாது.

பொட்டலத்தைப் படியுங்கள்

வெனிலா எசென்ஸ் சிலவற்றில் ஆல்கஹால் கரைப்பானாகச் சேர்க்கப்பட்டிருக்கும். அமெரிக்கச் சட்டப்படி அசல் வெனிலா சாற்றில் குறைந்தது 35 விழுக்காடு ஆல்கஹால் இருந்தாக வேண்டும். இத்தகைய எசென்ஸ் பற்றி ஆலிம்களிடையே பல கருத்துகள் உண்டு. ஏலக்காயும் ஆரஞ்சுத் தோலும் கைவசம் இருக்கையில் நமக்கு அந்த ஐயத்துக்கே இடமில்லை.

கேக்கின் மேல் பூசும் ஜெல்லி, மார்ஷ்மெல்லோ ஆகியவற்றில் ஜெலட்டின் இருக்கலாம். ஐ.என்.எஸ். 471 என்ற எண் குறிக்கும் பொருள் தாவரக் கொழுப்பிலிருந்தும் விலங்குக் கொழுப்பிலிருந்தும் தயாரிக்கப்படுவது. ஐ.என்.எஸ். 120 என்பது ஒரு வகைப் பூச்சியிலிருந்து எடுக்கப்படும் சிவப்புச் சாயம். பொட்டலத்தில் பச்சைப் புள்ளி இருந்தால் விலங்குக் கொழுப்போ ஜெலட்டினோ இல்லை என்று அறியலாம். ஆனால் மதுவைப் பற்றி அந்தப் புள்ளி ஒன்றும் சொல்லாது. அசைவத்தைக் குறிக்கும் பழுப்புக் குறியோ, முட்டை ஒன்று மட்டும் சேர்ந்திருந்தாலும் இடப்படும். ஆகவே புள்ளியோடு நிறுத்திவிடாமல் சேர்மானப் பட்டியலையும் படிக்கும் வழக்கத்தைப் பிள்ளைகளுக்கும் கற்றுக்கொடுங்கள்.

தேவையான பொருட்கள்

(8 அங்குல வட்டத் தட்டுக்கு)

மைதா – 200 கிராம்
கோகோ பவுடர் – 40 கிராம்
பேக்கிங் பவுடர் – 1 தேக்கரண்டி
சமையல் சோடா – கால் தேக்கரண்டி
உப்பில்லாத வெண்ணெய் – 200 கிராம்
நாட்டுச் சர்க்கரை (சலித்தது) – 180 கிராம்
முட்டை – 4
உலர்ந்த திராட்சை (இரு நிறமும் கலந்து) – 250 கிராம்
உலர்ந்த அத்தி – 75 கிராம்
கொட்டை நீக்கிய பேரீச்சை – 125 கிராம்
முந்திரி, பாதாம் – 75 கிராம்
பன்னீர் திராட்சைச் சாறு அல்லது ஆரஞ்சுச் சாறு – 150 மில்லி
ஆரஞ்சுத் தோல் துருவல் – 1 பழத்தினுடையது
ஏலக்காய்த் தூள், பட்டைத் தூள் – தலா அரைத் தேக்கரண்டி
கிராம்புத் தூள், உப்பு – தலா ஒரு சிட்டிகை

செய்முறை

முதல் நாள் இரவு: திராட்சையை வெந்நீரில் அலசி வடிகட்டுங்கள். அத்தியைச் சிறு துண்டுகளாக நறுக்குங்கள். இரண்டையும் சாற்றோடு அடுப்பிலேற்றி, கொதி வந்ததும் 5 நிமிடம் சிறு தீயில் வைத்து இறக்குங்கள். ஆறியதும் மூடிக் குளிர்பதனப் பெட்டியில் வையுங்கள்.

மறுநாள்: வேலையைச் சுப்ஹு தொழுகைக்குப் பின் தொடங்குவது நலம். வெண்ணெயும் சர்க்கரையும் நுரைக்க அடிக்கும்போது அதனுள் புகும் காற்றே கேக்கை உயர்த்துகிறது. வெண்ணெய் சுமார் 20 டிகிரி குளிர்ச்சியில், விரலால் அழுத்தினால் குழியும் பதத்தில் இருந்தால்தான் காற்றைப் பிடித்து வைக்கும். கோடை நண்பகலில் வெண்ணெய் எண்ணெயாகிவிடும். பிறகு எவ்வளவு அடித்தாலும் பயனில்லை. பாத்திரத்தைக் குளிர்ந்த நீர் ஊற்றிய தாம்பாளத்தில் வைத்து அடிப்பதும் உதவும்.

1. பழக் கலவையை வெளியே எடுத்துக் குளிர் விடட்டும். தட்டின் அடியிலும் ஓரத்திலும் இரண்டு மடிப்பு வெண்ணெய்த் தாளை விரித்துக்கொள்ளுங்கள். மின் அடுப்பை 150 டிகிரியில் முன்கூட்டியே சூடாக்குங்கள்.

2. மைதா, கோகோ, பேக்கிங் பவுடர், சோடா, உப்பு, மணப்பொருள்கள் ஆகியவற்றை இரண்டு முறை சலியுங்கள். இதிலிருந்து இரண்டு மேசைக்கரண்டி மாவைத் தனியே எடுத்து, நறுக்கிய பேரீச்சையிலும் பருப்பிலும் பிசறி வையுங்கள். பேரீச்சைத் துண்டுகள் ஒன்றோடொன்று ஒட்டாமலும் அடியில் இறங்காமலும் இருக்க இது துணை செய்யும்.

3. வெண்ணெயையும் சர்க்கரையையும் நிறம் வெளுத்து இலேசாகும் வரை அடியுங்கள். முட்டைகளை ஒவ்வொன்றாகச் சேர்த்து அடியுங்கள். கலவை திரிவது போலத் தோன்றினால் ஒரு கரண்டி மாவைச் சேர்த்தால் கூடிவரும்.

4. மாவைச் சிறிது சிறிதாகப் போட்டுக் கரண்டியால் மடித்துக் கலக்குங்கள். மாவு சேர்ந்த பிறகு பலமாக அடித்தால் கேக் இறுகிவிடும். ஊறிய பழங்களைச் சாற்றோடும், பேரீச்சை, பருப்பு, ஆரஞ்சுத் துருவலையும் சேர்த்துக் கிளறுங்கள்.

5. தட்டில் ஊற்றி, நடுவில் சற்றே பள்ளம் செய்யுங்கள். வெந்து எழும்போது மேற்புறம் சமமாகும். ஒன்றே முக்கால் மணி முதல் 2 மணி நேரம் வரை வேகவேண்டும். முதல் ஒரு மணி நேரம் கதவைத் திறக்காதீர்கள். மேற்புறம் விரைவில் கருத்தால் ஒரு தாளை மூடுங்கள். நடுவில் தென்னை ஈர்க்கைக் குத்தி எடுத்தால் மாவு ஒட்டாமல் வரவேண்டும்.

6. தட்டிலேயே முழுவதும் ஆறவிட்டு, தாளில் சுற்றி டப்பாவில் வையுங்கள். ஒரு நாள் கழித்து வெட்டினால் துண்டு உதிராது. மணமும் சுவையும் கூடியிருக்கும்.

மின் அடுப்பு இல்லாதவர்களுக்கு

மின் அடுப்பு இல்லையே என்று எவரும் தயங்க வேண்டாம். ரவை, முட்டை, நெய், சர்க்கரை கலந்து தட்டில் ஊற்றி, மேலும் கீழும் தணலிட்டுச் சுட்டெடுக்கும் தம்மடை தமிழ் முஸ்லிம் இல்லங்களின் பழைய இனிப்பு அல்லவா? பிரியாணிக்குத் தம் போடத் தெரிந்த கைக்குக் கேக் சுடுவது புதிய கலையன்று. நாற்புறமும் ஒரே சீரான வெப்பம் சூழ வேண்டும் என்ற உண்மையைத்தான் மின் அடுப்பும் செய்து காட்டுகிறது.

மேற்கண்ட அளவில் சரிபாதியை 6 அங்குலத் தட்டில் ஊற்றிக்கொள்ளுங்கள். கனமான தேக்சாவின் அடியில் ஓர் அங்குல உயரம் கல் உப்போ மணலோ பரப்பி, மேலே ஒரு வளையத்தை வைத்து, மூடி 10 நிமிடம் மிதமான தீயில் சூடாக்குங்கள். தட்டை உள்ளே வைத்து மூடி, தீயை மிகவும் குறைத்துவிடுங்கள். ஒரு மணி நேரம் கழித்து ஈர்க்கால் குத்திப் பார்த்து, தேவையானால் மேலும் 20 நிமிடம் வரை வைக்கலாம். மூடியின் உட்புறம் ஒரு துணியைக் கட்டி, அதன் ஓரங்களை மூடியின் மேலே முடிந்துவிட்டால், நீராவி கேக்கின் மேல் சொட்டாது. துணி தீயின் அருகே தொங்காமல் பார்த்துக்கொள்ள வேண்டும்.

பாதுகாப்பதும் பகிர்வதும்

மது சேராத கேக் என்பதால் மாதக்கணக்கில் வைத்திருக்க இயலாது. நம் ஊர் வெப்பத்தில் வெளியில் 3 நாட்களும், குளிர்பதனப் பெட்டியில் சுமார் 2 வாரமும் வைக்கலாம். பழத்தின் இனிப்பும் வெண்ணெயும் மிகுந்த பண்டம் ஆகையால், நீரிழிவு உள்ளவர்களுக்கு ஆசைக்கு ஒரு சிறு துண்டே போதும். சின்னஞ்சிறு குழந்தைகளுக்குப் பருப்பைப் பொடியாக்கிச் சேர்ப்பது பாதுகாப்பானது.

நெடுநாள் வைக்க முடியாத பண்டம் பகிர்வதற்கு ஏற்ற பண்டம். 8 அங்குலக் கேக்கிலிருந்து 20 துண்டுகளுக்குக் குறையாமல் வரும். வீட்டுக்கு வேண்டியதை எடுத்துக்கொண்டு, மீதியை அண்டை வீடுகளுக்கு அனுப்புங்கள். அப்படி அனுப்பும்போது ஒரு சிறு தாளில் அதில் சேர்ந்தவற்றை எழுதி வையுங்கள். நம் அண்டையில் முட்டை உண்ணாத சைவக் குடும்பத்தார் இருப்பார்கள்; முந்திரியோ பாதாமோ ஒவ்வாத குழந்தைகளும் இருக்கலாம். பிறர் தரும் கேக்கில் என்ன இருக்கிறது என்று அறிய நமக்கு எவ்வளவு விருப்பமோ, நாம் தருவதில் என்ன இருக்கிறது என்று அறிய அவர்களுக்கும் அவ்வளவு உரிமை உண்டு. அதை மறைக்காமல் சொல்வது அமானிதத்தைப் பேணுவதாகும்.

முட்டை உண்ணாத வீட்டுக்கு ஒரு சீப்பு வாழைப்பழத்தையோ ஒரு தட்டுப் பேரீச்சையையோ அனுப்புங்கள். மகளின் தோழி வீட்டுக்கும் ஒரு துண்டு போகட்டும். "இது எங்கள் வீட்டில் செய்தது, இதில் இன்னின்னவை சேர்ந்திருக்கின்றன" என்று உங்கள் மகளே சொல்லிக் கொடுக்கட்டும். அடுத்த டிசம்பரில் அந்தத் தோழியின் தாயும் தம் கேக்கில் என்ன சேர்ந்திருக்கிறது என்று சொல்லி அனுப்புவார், இன்ஷா அல்லாஹ்.